பூரணத்தின் பதினேழு சாவுகள்

1954க்கும் 1966க்கும் இடையில் பூரணம் பதினேழு முறை இறந்தாள். ஒவ்வொரு முறையும் சிங்கப்பூரின் காத்தோங்கில் அவள் தந்தை கந்தப்புவின் வீட்டுக்கு முப்பத்தொரு நாள் துடக்கு, சாவுத் தீட்டு, வந்தது. அந்த நாட்களில் எவ்வளவு எண்ணெய் விட்டாலும் சாமியறை விளக்கில் சுடர் நிற்காது.

கந்தப்பு துறைமுக அலுவலகத்தில் தலைமை எழுத்தர். இருபத்தாறு ஆண்டுகளில் ஒரு நாளும் தாமதமாகப் போனதில்லை. மூத்த மகள் பூரணம் மலாய்ப் படத்தில் நடிக்கப் போனதும் கடலில் தலை முழுகி, உயிரோடிருந்தவளுக்கு முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை வரை செய்து முடித்தார். படக்காரர்கள் அவளுக்குச் சாகும் வேடங்களையே கொடுத்தார்கள். முதல் படத்தில் அவள் காய்ச்சலில் இறந்த காட்சி கொட்டகையில் ஓடிய நேரத்தில் வீட்டுச் சாமியறை விளக்கு அணைந்தது. கிரியை செய்த வீட்டுக்குத்தான் அவளுடைய எல்லாச் சாவும் வரும் என்று கோயில் ஐயர் சொன்னார். எவரும் மறுக்கவில்லை. பால்காரர்கூட அந்த நாட்களில் பாலை வாசலோடு வைத்துவிட்டுப் போனார்.

1961இல் இளைய மகள் யோகத்தின் கலியாணம் இந்தத் துடக்கால் மூன்று முறை தள்ளிப்போனது. ஆவணிக்குமேல் காத்திருக்க முடியாது என்றார்கள் மாப்பிள்ளை வீட்டார். பூரணத்தின் அடுத்த படமும் ஆவணியில்தான் வெளிவர இருந்தது. கந்தப்பு கோட்டு அணிந்து, குடையோடு படப்பிடிப்புக் கூடத்துக்குப் போனார். பூரணம் நெற்றியில் சாயக் காயத்தோடு உட்கார்ந்திருந்தாள்.

"இந்தப் படத்தில சாகாதை."

"சாகாட்டி எனக்கு வேலையில்லை, ஐயா. கடைசிமட்டும் இருக்கிறது கதாநாயகி."

"தங்கச்சிக்குக் கலியாணம்."

"எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லை."

"செத்தாக்களுக்கு ஆர் சொல்லுவினம்?"

"அப்ப செத்தவளிட்ட ஏன் வந்தனியள்?"

கந்தப்பு குடையை மடியில் வைத்துக்கொண்டு எதிரே உட்கார்ந்தார். அழைப்பிதழில் மூத்த மகளாகத் தன் பெயர் இருந்தால் உயிரோடிருப்பதாகப் பூரணம் சொன்னாள். அவர் கோட்டுப் பையிலிருந்த அழைப்பிதழை எடுத்து, தம் பேனாவால் அங்கேயே அதை எழுதினார்.

மறுவாரம் சாங்கிக் கடலில் அவள் மூழ்கும் காட்சியை எடுத்தார்கள். பதினொரு முறை அலை அவளை மூடியது. பதினொரு முறையும் அவள் ஈர உடுப்பைப் பிழிந்தபடி கரைக்கு நடந்து வந்தாள். இயக்குநர் களைத்துப்போய், அவளை ஒரு மீனவனுக்குக் கட்டிக்கொடுத்துப் படத்தை முடித்தார். ஆவணியில் கலியாணம் நடந்தது. பூரணம் முன்வரிசையில் இருந்தாள். மாப்பிள்ளை வீட்டார் முகம் சுளித்ததாகச் சிலர் சொல்வது பொய்.

அதன்பின் அவள் தன் வேலைக்குத் திரும்பினாள். கந்தப்பு படம் வெளியாகும் தேதிகளைக் கேட்டறிந்து, நல்ல காரியங்களை அதற்கேற்ப வைத்துக்கொண்டார். முதல் காட்சிக்கு அவரே போவார். மகள் சாகும்போது எழுந்து நிற்பார். பின்வரிசைக்காரர்கள் உட்காரச் சொன்னதில்லை. வீடு திரும்பியதும் வெளிக்குழாயில் தலையோடு குளித்துவிட்டு உள்ளே வருவார். கடைசிப் படத்தன்று தலையைத் துவட்டியபடி மனைவியிடம் சொன்னார்:

"இந்தமுறை பிள்ளை நல்லாச் செத்தவள். சோத்தைப் போடும்."