பிடித்தவரும் அடித்தவரும்

தீர்ப்பு வாசிக்கப்பட்ட செவ்வாய்க்கிழமை காலை பதினொன்றே காலிலிருந்து, வெல்டர் செய்ய நினைத்ததையெல்லாம் தையல்காரரின் கையும் செய்தது. தையல்காரர் நினைத்ததை வெல்டரின் கையும் செய்தது. கூண்டின் ஒரு முனையில் வெல்டர் மூக்கைச் சொறிந்தார். மறுமுனையில் நின்ற தையல்காரரும், அரிப்பு எதுவும் இல்லாமலே, சொறிந்துகொண்டார். இருவருக்கும் ஒரே உள்நோக்கம் இருந்தது என்று நீதிபதி அப்போதுதான் படித்து முடித்திருந்தார். அதுவரை அவர்களுக்கு எதிலும் ஒத்துப்போனது கிடையாது. வெல்டர், தையல்காரரின் அக்காவைக் கட்டியவர். பதினான்கு வருடம் ஒரே வீட்டில் மேலும் கீழுமாக இருந்துகொண்டு, மின்விசிறியின் வேகத்திலிருந்து சாப்பாட்டின் உப்பு வரை எல்லாவற்றுக்கும் முட்டிக்கொண்டவர்கள். ஒரு நாற்காலியை எங்கே போடுவது என்றுகூட இருவரும் சேர்ந்து முடிவெடுத்ததை அக்கா பார்த்ததில்லை.

வழக்கு இதுதான். வெல்டரின் பட்டறைக்குப் பக்கத்துப் பலகைக்கடைக்காரர் தன் வண்டியைப் பட்டறை வாசலை மறித்தே நிறுத்துவார். ஒருநாள் வண்டியை எடுக்கச் சொன்னதற்கு, “சொந்த வீட்டு மாடிக்கு ஒரு கம்பி வைக்கத் துப்பில்லாம பிள்ளைய பறிகொடுத்தவன், நீ எனக்குச் சொல்ல வந்துட்டியா?” என்றார். ஊருக்கெல்லாம் மாடிக் கைப்பிடி அடித்துக் கொடுத்த வெல்டர், தன் வீட்டுக்கு மட்டும் அடுத்த வாரம், அடுத்த வாரம் என்று தள்ளிப்போட்டதும், மூன்று வயது மகள் அங்கிருந்து விழுந்ததும் தெருவுக்கே தெரியும். யாரும் அதை அவர் முகத்துக்கு நேரே சொன்னதில்லை. வெல்டர் கைக்குக் கிடைத்த இரும்புக் குழாயை எடுத்தார். எதிர்க்கடையில் தையல் மெஷின் சத்தத்தில் தையல்காரருக்கு அந்தப் பேச்சு காதில் விழவில்லை. குழாய் உயர்வதை மட்டும் பார்த்து ஓடிவந்து, பலகைக்கடைக்காரரைப் பின்னாலிருந்து இரண்டு கையாலும் கட்டிப்பிடித்து இழுத்தார். காப்பாற்றத்தான் இழுத்தார். அதற்குள் குழாய் இறங்கி, தோளெலும்பும் தாடையும் போயின. பார்த்தவர்கள் பார்த்ததைச் சொன்னார்கள்: ஒருவர் பிடித்தார், ஒருவர் அடித்தார். அடிபட்டவருக்கு முதுகில் கண் இல்லாததால் அவரும் அதையே சொன்னார். ஆளுக்கு ஐந்து வருடம்.

மேல்முறையீடு போட்டு, ஜாமீனில் வெளியே வந்து, ஆறு வருடம் காத்திருந்தார்கள். அந்த ஆறு வருடமும் வெல்டர் கம்பி அறுத்தால் எதிர்க்கடையில் ஒரு சட்டை குறுக்கே வெட்டுப்பட்டது. தையல்காரர் பித்தான் தைத்தால் பட்டறையில் பற்றவைக்கும் கோல் குத்திக்குத்தி நகர்ந்தது. கடைசியில் காலையில் ஒருவர், மதியத்துக்கு மேல் ஒருவர் என்று வேலையைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். ஒருவர் வேலை செய்யும்போது மற்றவர் வெறுங்கையைக் காற்றில் அசைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருப்பார். வாடிக்கையாளர்கள் முதலில் சிரித்தார்கள், பிறகு பழகிவிட்டார்கள். வழக்கு மட்டும் நகரவில்லை. நீதிபதி மாறினார், வழக்குக் கட்டு காணாமல் போனது, கட்டு கிடைத்தது, அரசு வக்கீலுக்குக் காய்ச்சல் வந்தது. இதையெல்லாம் எழுதும்போதே எரிச்சல் வருகிறது. அனுபவித்தவர்களுக்கு எப்படி இருந்திருக்கும்.

மேல்முறையீட்டு விசாரணைக்கு முந்தைய வாரம் அவர்களுடைய வக்கீலம்மா தையல்காரரைத் தனியாகக் கூப்பிட்டார். “அந்தப் பேச்சு உங்களுக்கும் கேட்டுச்சுன்னு ஒரு வார்த்தை சேத்துக்கலாம். செத்துப்போனது உங்க அக்கா பொண்ணு. உங்களுக்கும் ஆத்திரம் வந்துச்சுன்னு சொன்னா தண்டனையாவது குறையும்.”

“கேக்காதத எப்படிங்க கேட்டேன்னு சொல்றது?” என்றார் தையல்காரர். “நான் பிடிச்சது அடிக்கிறதுக்காக இல்ல. அத மட்டும் சொல்லுங்க.”

அதைத்தான் வக்கீலம்மா சொன்னார். இருவருக்கும் ஒரே எண்ணம் என்பதே கட்டுக்கதை என்று அவர் தொண்டை வறள வாதாடியபோது, பெஞ்சின் இரண்டு முனைகளிலும் அவர்கள் ஒன்றாகத் தலையாட்டி, ஒன்றாகக் கண்ணாடியைக் கழற்றி, ஒன்றாகத் துடைத்தார்கள். வெல்டருக்குக் கண்ணாடியே கிடையாது. அரசு வக்கீல் வாதாடவில்லை, கையை மட்டும் அந்தப் பக்கம் நீட்டிவிட்டு உட்கார்ந்தார். இந்த வியாதியே உங்கள் கீழ்க்கோர்ட்டுத் தீர்ப்பால் வந்தது என்று வக்கீலம்மா சொன்னதை, தீர்ப்புக்குப் பின் நடந்ததைப் பார்க்க முடியாது என்று நீதிபதி ஒதுக்கிவிட்டார். ஆனாலும் பார்த்துவிட்டாரே.

வெல்டருக்குத் திடீரென்று கடும் ஆத்திரமூட்டப்பட்டது உண்மை என்று நீதிபதி தீர்ப்பில் ஒப்புக்கொண்டார். முன்பு உள்ளே இருந்த தொண்ணூற்று நான்கு நாளே போதும், வீட்டுக்குப் போகலாம். தையல்காரர் எதுவும் கேட்கவில்லை என்று அவரே சொல்வதால் அவருக்கு ஆத்திரம் வர வழியில்லை. நிதானமாக வந்து பிடித்திருக்கிறார். ஐந்து வருடம் உறுதி. வராந்தாவில் அக்கா யாரைப் பார்த்து அழுவது என்று தெரியாமல் நின்றாள். “அடிக்கிற எண்ணம் மட்டும் ரெண்டு பேருக்கும் ஒண்ணாம், கோவம் தனித்தனியாமா?” என்று கேட்டாள். வக்கீலம்மா கோபத்தில் வழக்குக் கட்டைத் தூக்கிச் சுவரில் விட்டெறிந்துவிட்டு, பிறகு அவரே குனிந்து பொறுக்கினார்.

வெல்டர் வீட்டுக்கு வந்தார். மறுநாள் காலை ஆறு மணிக்கு எழுந்து, சிறையில் எண்ணிக்கைக்கு நிற்பதுபோலச் சுவரோரம் கைகட்டி நின்றார். நான்கு எட்டு நடந்தார், திரும்பினார், நான்கு எட்டு நடந்தார். அவர் தட்டைத் தள்ளிவைத்தால் அங்கே தம்பி சாப்பிடவில்லை என்று அக்காவுக்குத் தெரியும். கணவனின் கையைப் பிடித்துச் சாப்பாட்டில் வைப்பாள். இரண்டாம் வருடம் அவள் பார்க்கப் போனபோது, கம்பிக்கு அந்தப் பக்கம் தம்பி சொன்னார்:

“ஞாயித்துக்கிழமை எனக்கு வேலை கிடையாதுக்கா. கம்பியெல்லாம் மாடில எடுத்து வெச்சுட்டு மாமாவ நிக்க மட்டும் சொல்லு. அவரால முடியாது. நான் பாத்துக்குறேன்.”

ஞாயிற்றுக்கிழமை, சிறை முற்றத்தில் தையல்காரர் நான்கு மணி நேரம் காற்றில் கையை நகர்த்திக்கொண்டிருந்ததாகவும் நோய் எதுவும் இல்லை என்றும் காவலர் பதிவேட்டில் எழுதினார். அதே நான்கு மணி நேரம், மகள் விழுந்த நாளிலிருந்து அந்த மாடியில் கால் வைக்காத வெல்டர், கண்ணீர் வழிய நின்றார். அவர் கை தன்பாட்டுக்கு வேலை செய்தது. பற்றவைத்த இடமெல்லாம் சட்டைக் காலரின் ஓரத்தையல்போலச் சின்னச்சின்னதாக விழுந்திருந்தது. வெல்டர் ஒருநாளும் அப்படி அடித்தவர் இல்லை. சூடு ஆறியதும் அக்கா மேலே வந்து கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்து ஆட்டிப் பார்த்தாள். ஆடவில்லை. கீழே போய் ஈரத்துணிகளை எடுத்துவந்து அதில் காயப்போட்டாள்.