நிறுவனரின் முகம்

இருபத்தெட்டு வருடத் தொழிலில் அந்தச் சிற்பி முச்சந்திகளில் நிறுத்திவைத்த தலைவர்கள் முப்பத்தாறு பேர். ஒருவருக்கும் வழுக்கை கிடையாது, தொப்பை கிடையாது. உயிரோடு இருந்தவரை கூன்போட்டு நடந்தவர்கள்கூட அவருடைய பீடத்தில் ஏறியதும் நிமிர்ந்துவிடுவார்கள்.

"பொய் சொல்லத் தெரியாதவன் இந்தத் தொழிலுக்கே வரக்கூடாது" என்று மனைவியிடம் பெருமையாகவே சொல்லுவார்.

ஆளுங்கட்சியை நிறுவியவருக்குச் சிலை வைக்கச் சொன்னபோதுதான் சிக்கல் வந்தது. அவர் இறந்து அறுபது வருடமாகியிருந்தது. அகப்பட்டது ஒரே ஒரு புகைப்படம். அதிலும் மூன்றாவது வரிசையில், முன்னால் நின்றவரின் காதுக்குப் பின்னால், அவருடைய பாதி நெற்றி மட்டும் தெரிந்தது.

"இதை வச்சு எப்படிங்க முகம் செய்யறது?" என்றார் சிற்பி.

"நெத்தி இருக்குல்ல? அதுக்குக் கீழ நீங்களே பார்த்துப் போட்டுக்குங்க. கம்பீரமா இருக்கணும், அவ்வளவுதான்" என்றார் சிலைக் குழுவின் செயலாளர்.

ஒரு வாரம் களிமண்ணைப் பிசைந்து பிசைந்து கலைத்தார். எட்டாம் நாள் பட்டறையின் மூலையில் பார்வை போனது. அங்கே சாக்கு மூட்டைகளின்மேல் அவருடைய மைத்துனன் சாய்ந்திருந்தான். அக்காளைப் பார்த்துவிட்டுப் போக இரண்டு நாள் தங்கலாம் என்று வந்து நான்கு வருடம் ஆகியிருந்தது. அகன்ற நெற்றி, எடுப்பான மூக்கு, ஆழமான கண்கள். உள்ளே எந்த யோசனையும் ஓடாததாலோ என்னவோ, முகத்தில் அப்படியொரு அமைதி. சிற்பி அவனை அசையாமல் இருக்கச் சொன்னார். அதற்கு அவன் புதிதாக ஒன்றும் செய்ய வேண்டியிருக்கவில்லை.

திறப்பு விழாவில், நிறுவனரோடு பழகியதாகச் சொல்லிக்கொண்ட ஒரு கிழவர் திரை விலகியதும் கதறினார். "அப்படியே அவரேதான்!"

மறுநாள் மைத்துனன் முடிவெட்டிக்கொள்ளப் போனான். கடைக்காரர் கத்தரியைக் கீழே வைத்துவிட்டார்.

"ஐயா, இந்தத் தலையில நான் கை வைக்கறதா? நீங்க அவருக்கு என்ன உறவு?"

மறுத்துப் பேசினால் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கும். மைத்துனனுக்கு அவ்வளவு தெம்பில்லை. "உறவுதான்" என்றான்.

ஒரே மாதத்தில் அவன் நிறுவனரின் பேரனாகிவிட்டான். கட்சிக்காரர்கள் காரில் வந்து அழைத்துப்போனார்கள். தேர்தலில் நின்றான், வாயைத் திறக்காமலே ஜெயித்தான், அமைச்சரும் ஆனான்.

சிற்பிக்கு வயிறு எரிந்தது. "உண்மையைச் சொல்லிடட்டுமா?" என்றார் மனைவியிடம்.

"தாராளமா சொல்லுங்க. அப்ப அந்தப் பீடத்துல நிக்கறது யாருன்னு கேப்பாங்க. அதுக்கும் ஒரு பதிலை ரெடியா வச்சுக்குங்க" என்றாள் அவள்.

அவர் களிமண்ணைப் பிசையப் போய்விட்டார். அடுத்த வருடம் மைத்துனனே பாதுகாவலர்களோடு பட்டறைக்கு வந்தான்.

"மாமா, எனக்கும் ஒரு சிலை செய்யுங்க. வெண்கலத்துல. தாத்தாவைவிட ஒரு அடி உயரமா இருக்கட்டும்."

"எந்தத் தாத்தாடா?"

மைத்துனன் முகத்தில் அதே அமைதி. அவன் அதை நம்பவே ஆரம்பித்துவிட்டான் என்று சிற்பிக்கு அப்போதுதான் புரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு செய்து முடித்தார்.

திறப்பு விழாவுக்கு மூன்று நாள் இருக்கும்போது ஆட்சி கவிழ்ந்தது. மைத்துனன் ஒரு பெட்டியோடு அக்காள் வீட்டுக்கே திரும்பி வந்தான். பின்னாலேயே சிலைக் குழுச் செயலாளரும் அளவு நாடாவோடு வந்தார். பழைய ஆளேதான், சட்டையில் குத்தியிருந்த கட்சிச் சின்னம் மட்டும் புதிது.

"உடம்பு நல்லா அமைஞ்சிருக்கு. இதை ஏன் வீணாக்கணும்? கழுத்துக்கு மேல மட்டும் எங்க தலைவரை வச்சிடுங்க" என்றார்.

சிற்பி வெட்டும் இயந்திரத்தை எடுத்தார். தொழிலுக்கு வந்த நாளிலிருந்து இவ்வளவு சந்தோஷமாக அவர் எதையும் கையில் எடுத்ததில்லை. மைத்துனன் தன் கழுத்தைத் தடவிக்கொண்டே பக்கத்தில் நின்றான்.

"மாமா, கொஞ்சம் கீழ வச்சு அறுங்க. தாடையில பட்டுடப்போகுது."

"சரிப்பா, பதமாவே அறுக்கறேன்" என்றார் சிற்பி.

இரண்டு மணி நேரத்தில் தலை கழன்று விழுந்தது. மனைவி அதைத் தூக்க முடியாமல் தூக்கிப்போய், காற்றில் அடித்துக்கொண்டே இருந்த பட்டறைக் கதவுக்கு முட்டுக்கொடுத்து வைத்தாள். கதவு அசையவில்லை.

"தம்பி இந்த வீட்டுக்கு இப்பதாங்க உபயோகப்பட்டிருக்கான்" என்றாள்.