கத்தி மாட்ட இடமில்லாத துப்பாக்கி

என்ஜினியர் நெசு ஆறு வருஷம் உயிரைக் கொடுத்துச் செய்த இலகு இயந்திரத் துப்பாக்கி, மணலை வாரிக் கொட்டியும் சிக்காமல் சுட்டது. நாகோயா ஆயுதத் தொழிற்சாலைக்குச் சோதிக்க வந்த ஜப்பானிய ராணுவக் கர்னல் குரோசாகா குழல் முனையைத் தடவிப் பார்த்தார்.

"கத்திய எங்கய்யா மாட்டுறது?"

"நிமிஷத்துக்கு ஐந்நூறு குண்டு போகுதுங்கய்யா. அதத் தாண்டி எவன் கிட்ட வரப்போறான்?"

"கத்தியில்லாம எப்படிப் பாஞ்சு சாவான் நம்ம சிப்பாய்? திட்டத்த இழுத்து மூடு. இவ்வளவு வாய் பேசுறவன் மஞ்சூரியாவுக்குப் போய்ச் சுட்டுப் பாரு."

அடுத்த மாதமே நெசு மஞ்சூரிய எல்லையின் மணல்மேட்டில், பழைய ரகத் துப்பாக்கியோடு படுத்துக்கிடந்தான். ரஷ்யர்கள் வந்தார்கள். இரண்டு குண்டு போனதும் மணல் புகுந்து துப்பாக்கி சிக்கிக்கொண்டது. முனையில் கத்தி மட்டும் பளபளத்தது.

கத்திக்கு எட்டும் தூரத்துக்கு ஒரு ரஷ்யனும் வரவில்லை. நூறு கெஜம் தள்ளி நின்றே சுட்டார்கள்.