லிங்கத்தின் தொண்டை

சுந்தரலிங்கத்தை "இரண்டு தோணியில் கால் வைத்தவன்" என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் மூக்குக்கு மேல் கோபம் வரும். நான் மர்சூக். மாத்தளையில் அவனுடைய ரொக் குழுவுக்கு ட்ரம்ஸ் அடித்தவன். எழுபத்தெட்டில் அவன் பட்ட பாட்டைப் பக்கத்திலிருந்து பார்த்தவன்.

வார நாட்களில் லக்கலைக் காட்டுப் பக்கம் அவன் நடித்த சினிமாவின் படப்பிடிப்பு. காடு வெட்டிப் பயிரிட்ட சேனையை யானை வராமல் காவல் காக்கும் விவசாயி வேஷம் அவனுக்கு. சனிக்கிழமை இருக்கிற ஒரே பஸ்ஸைப் பிடித்து, அது வராவிட்டால் கிடைத்த லொறியில் தொற்றி, எங்கள் வாப்பாவின் மிளகு ஸ்டோருக்கு ஒத்திகைக்கு வந்துவிடுவான். காதோரத்தில் மேக்கப் ஒட்டியிருக்கும். கிற்றாரை மாட்டியதும் களைப்பு எங்கே போகுமோ தெரியாது. ஒரு நாள்கூடப் பிந்தியதில்லை. அடுத்த தெருவில் இருந்த நான்தான் பிந்துவேன்.

பலாபத்வலப் பக்கத்துத் தோட்டத் தொழிலாளர் லயத்தில் அவனுடைய அப்பா நாகமுத்து இருந்தார். இரண்டு கண்ணிலும் பூ விழுந்து, வைத்தியர்களும் கைவிட்டுவிட்டார்கள். அவருக்குப் படம் என்றால் காது மட்டும்தான். மகன் பேசுவதைத் தியேட்டரில் உட்கார்ந்து கேட்க வேண்டும் என்பதைத் தவிர மனுஷனுக்கு வேறு ஆசை கிடையாது.

படப்பிடிப்பு முடிந்து, ஒரு திங்கட்கிழமை கொழும்பில் டப்பிங். திரையில் வாய் அசைவதைப் பார்த்துப் பேசிக் குரலைப் பதிகிற வேலை. அதற்கு முதல் நாள் பின்னேரம் மாத்தளையில் எங்கள் கச்சேரி. ஐந்து பாட்டோடு நிறுத்திவிடுவோம், தொண்டை வேண்டும் என்று லிங்கம் கெஞ்சினான். நானும் தலையாட்டினேன். ஆனால் போன வருசத்துக் கலவரத்துக்குப் பிறகு, தோட்டத்து ஆட்களும் டவுன் ஆட்களும் ஒன்றாக உட்கார்ந்து கைதட்டிய முதல் நாள் அது. "வன்ஸ்மோர்" என்ற சத்தம் கூரையைப் பிய்த்தது. ட்ரம்ஸ் தொடங்கிவிட்டால் பாடகன் பாடியே ஆக வேண்டும் என்பது எங்கள் குழுவின் வழக்கம். ஆறாவது பாட்டை நான் தொடங்கினேன். பதினோராவது பாட்டு வரை விடவில்லை. அவன் ஒரே ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். பிறகு உயிரைக் கொடுத்துப் பாடினான். அப்படி ஒரு பாட்டை நான் அதற்குப் பிறகு கேட்டதேயில்லை.

விடிந்ததும் ரயிலில் நானும் கூடப் போனேன். அவன் வாயைத் திறந்தால் பாதி காற்றுத்தான் வந்தது. என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும் என்றேன்.

"நீ அடிச்ச, நா பாடுனேன் மச்சான். ஆளுக்குப் பாதி," என்றான். திட்டியிருந்தால் மனசு ஆறியிருக்கும்.

டைரக்டர் இரண்டு வசனம் பேச வைத்துக் கேட்டார். ஸ்டூடியோ அன்றைக்கு மட்டும்தான் கிடைத்திருந்தது. கொழும்பு நாடக நடிகர் ஒருவரை வரவழைத்து லிங்கத்தின் வசனத்தைப் பேசச் சொன்னார். நானாக இருந்தால் கதவை உதைத்துவிட்டுப் போயிருப்பேன். இவனோ அந்த நடிகருக்குப் பக்கத்தில் நின்று, எந்த இடத்தில் மூச்சு விட வேண்டும் என்று சைகையால் காட்டிக்கொண்டிருந்தான்.

கடைசிக் காட்சி மிச்சம் இருந்தது. இரவெல்லாம் காவல் காத்தவன், யானை அடித்துச் செத்த தம்பியை விடியலில் கண்டு அழும் இடம். லிங்கம் டைரக்டரிடம் போனான்.

"விடிய விடிய கத்தி யானை வெரட்டுறவங்களுக்கு விடியக்காலைல இந்தத் தொண்டதான் சேர் இருக்கும். லக்கலையில நா கேட்டிருக்கேன். இந்த ஒரு சீன் மட்டும் எனக்குத் தாங்க."

அவர் மைக்கை அவன் பக்கம் திருப்பினார்.

நாலு மாதம் கழித்துப் படம் மாத்தளைக்கு வந்தது. நாகமுத்து ஐயா எங்கள் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்தார். லிங்கம் திரையில் வந்ததும் சனம் விசிலடித்தது. ஐயா கழுத்தை நீட்டிக் கேட்டுக்கொண்டே இருந்தார். இடைவேளையில், மகன் இன்னும் பேசவில்லையா என்று என்னிடம் மெல்லக் கேட்டார். என் பெயர் வந்துவிடும் என்று லிங்கம் நடந்ததை அவரிடம் சொல்லாமலே விட்டிருந்தான்.

கடைசியில் அந்த அழுகை வந்தது. ஐயாவின் கை என் முழங்காலை இறுக்கிப் பிடித்தது.

"இந்தா பேசுறான். பாட்டுக் கச்சேரி முடிச்சு வூட்டுக்கு வர்ற அன்னிக்கெல்லாம் இந்தத் தொண்டையிலதான் தம்பி என்னய 'அப்பா'ன்னு கூப்புடுவான்."

லிங்கம் அவருடைய தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். நான் வெட்கமில்லாமல் அழுதேன்.