நூற்றி நாற்பது ரூபாய்ச் சோறு

சிங்காரவேல் குடித்தனம் நடத்த வந்திருக்கிறானாம். ஒன்றரை வருஷம் வடலூரில் செங்கமலம் என்கிறவளோடு கிடந்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை காலை நைட் ஷிப்ட் முடித்த கையோடு தகரப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு சுரங்கக் குவார்ட்டர்ஸ் வாசலில் வந்து நின்றான். வெட்கம் மானம் உள்ளவன் செய்கிற காரியமா இது?

கதவைத் திறந்தவள் அவன் பெண்டாட்டி தனகோடி. புருஷன் பாசம் பொத்துக்கொண்டு வரவில்லை, கோர்ட்டு உத்தரவை உடைக்க வந்திருக்கிறான் என்று அவளுக்கு உடனே புரிந்துவிட்டது. விருத்தாசலத்துக்கு ஒரு வருஷம் நடையாய் நடந்து வாங்கிய உத்தரவு அது. அவளுக்கும் இரண்டு பிள்ளைகளுக்கும் மாதம் நூற்றி நாற்பது ரூபாய் ஜீவனாம்சம். அவன் சம்பளத்திலேயே பிடித்து அனுப்பினார்கள். மூன்று மாதமாகத்தான் வருகிறது. அதில்தான் அடுப்பு எரிகிறது. தீர்ப்பு வந்த அன்றைக்கே அவளுடைய வக்கீல் எச்சரித்திருந்தார்: "அவன் திரும்பி வந்து ஒண்ணா குடும்பம் நடத்துறான்னு சாட்சி வந்தா உத்தரவு ரத்தாயிடும். ஜாக்கிரதையா இரும்மா."

உள்ளே நுழைந்தவன் செய்த முதல் வேலை, ஷிப்ட் உடுப்பைக் கழற்றி அலசி வாசல் கொடியில் போட்டதுதான். அந்த வரிசையில் காக்கி காய்வதை வைத்துத்தான் எந்த வீட்டு ஆம்பளை எந்த ஷிப்ட் போய் வந்தான் என்று சொல்வார்கள். அடுத்த வீட்டு விஜயகுமாரி, திருநெல்வேலிக்காரி, வேலிக்கு மேல் எட்டிப் பார்த்தாள்.

"என்னக்கா, அண்ணாச்சி வந்துட்டாவளா?"

"யாரும் வரல," என்ற தனகோடி ஈரக் காக்கியைச் சுருட்டிச் சாக்கடையில் எறிந்தாள்.

அங்கேதான் முதல் அடி விழுந்தது, பிடரியில். கொண்டையைப் பிடித்து உள்ளே இழுத்துப் போனான்.

"வூடு என் பேர்ல இருக்குது. வாடகை என் சம்பளத்துல புடிக்கிறான். எனக்குச் சோறு போட மாட்டியா நீ?"

"உனக்குப் போட வடலூர்ல ஆள் இருக்கா. அங்க போ."

"பத்து மணிக்கு மருதமுத்து வரான். அவன் பாக்க நீ சோறு போடற, நான் சாப்பிடறேன். அவ்ளோதான். அப்புறம் நீ எக்கேடு கெட்டுப் போ."

மருதமுத்து அவனோடு ஒரே ஷிப்டில் வேலை பார்க்கிறவன். சொந்தக்காரன் சாட்சி எடுபடாது, வெளியாளைக் கூட்டிவா என்று எந்த வீணாய்ப்போனவனோ ஓதியிருக்கிறான்.

"போட மாட்டேன்," என்றாள் தனகோடி.

சுரங்கத்துக்குப் போட்டுப்போகிற பூட்ஸை எடுத்தான். முனையில் இரும்பு வைத்தது. தோளில், விலாவில், முகத்தில். அவளுக்கு உதடு கிழிந்தது. போட மாட்டேன், போட மாட்டேன் என்று அவள் சொல்லச் சொல்ல அடித்தான். தூளியில் கிடந்த சின்னவன் அலறினான். பாவி, நின்று மூச்சு வாங்கிக்கொண்டு மறுபடி அடித்தான்.

ஒன்பது வயதுப் பாப்பாவுக்குக் கோர்ட்டு தெரியுமா, உத்தரவு தெரியுமா? சோறு போட்டால் அம்மாவை அடிப்பது நிற்கும் என்பதுதான் அந்தக் குழந்தைக்குத் தெரிந்தது. முந்தின நாள் சோற்றைத் தட்டில் வைத்துக் குழம்பை ஊற்றி, அவன் முன்னால் நீட்டினாள்.

"சாப்பிடுப்பா. அம்மாவ வுட்டுடு."

பூட்ஸைக் கீழே போட்டுவிட்டுச் சப்பணமிட்டு உட்கார்ந்தான். வாசலில் சைக்கிள் வந்து நின்றது.

"வாடா மருதமுத்து. நல்லா பாத்துக்க. எம் பொண்ணு கையால சாப்டுகினு இருக்கிறேன்."

தனகோடி சுவரைப் பிடித்து எழுந்தாள். தட்டில் இருந்தது அவளுக்குச் சோறாகத் தெரியவில்லை. மாதம் நூற்றி நாற்பது ரூபாயாகத் தெரிந்தது. ஒரு வாய் அவன் உள்ளே போனால் மூன்று பேரும் நடுத்தெருவில் நிற்க வேண்டியதுதான். கரியடுப்பில் உலை தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தது. முந்தானையால் பிடித்து இறக்கினாள். பாப்பா இன்னும் தட்டின் விளிம்பைப் பிடித்தபடி இருந்தாள்.

"பாப்பா, கைய எடு."

பாப்பா எடுத்தாள். சிங்காரவேல் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தான். அந்தக் கையின் மேல் உலையை அப்படியே கவிழ்த்தாள்.

அவன் போட்ட அலறலில் வரிசையில் இருந்த அத்தனை கதவுகளும் திறந்தன. மணிக்கட்டு வரை வெந்த கையை உதறிக்கொண்டு வாசலுக்கு ஓடி மருதமுத்துவின் காலடியில் விழுந்தான்.

தனகோடி காலிப் பானையைக் கீழே வைத்தாள்.

"பாத்தியாண்ணா? ஒரு வா கூட உள்ள போகல. கோர்ட்டுல இதையே சொல்லு."

மருதமுத்து சரியென்று தலையை ஆட்டினான்.

போலீஸ் வந்தால் வரட்டும், உத்தரவு பிழைத்தது. தனகோடிக்கு அப்போதுதான் அழுகை வந்தது. வாயில் வழிந்த ரத்தத்தைத் துடைத்துவிட்டு, "வாடி கண்ணு," என்று மகளைப் பார்த்துக் கையை நீட்டினாள். பாப்பா வரவில்லை. தூளியிலிருந்து தம்பியைத் தூக்கி இடுப்பில் இடுக்கிக்கொண்டு கதவு மூலையில் போய் ஒண்டினாள்.

"எங்கள ஒண்ணும் செஞ்சிடாதம்மா," என்றாள்.