வெளிச்சத்தில் அகப்பட்ட நான்கு பேர்

1

இந்தக் கதைக்கு முதல் போட்டது கோபம். அதுவும் என்னுடையதல்ல, என் தங்கை மகளிடம் இரவல் வாங்கியது.

அவள் ஒளிப்பதிவாளர். இருபது வருடத்தில் ஏழு படம். எல்லாமே பெரிய கம்பெனிகள் பக்கம் போகாதவர்களின் சின்னப் படங்கள். விளக்கு வைக்கமாட்டாள். ஒரு ஜன்னல், ஒரு முகம், மீதி இருட்டு. அந்த இருட்டில் ஒருமுறை யானையையே ஒளித்துவைத்தாள். (இந்த வரியை அடித்துவிடுகிறேன். யானை இல்லை, கன்றுக்குட்டி.)

2

முதலில் இப்படித் தொடங்கினேன்: "சாயங்கால வெயில் அவள் கன்னத்தில்..." வேண்டாம். அழகாக எழுதினால் ஆத்திரம் ஆறிவிடும்.

நடந்தது இதுதான். ஏழாவது படத்தில், புருஷனைப் பறிகொடுத்தவள் தன்னந்தனியாக அழுகிறாள். அறையோ தீப்பெட்டி. படப்பிடிப்பு ஆட்கள் நிற்க இடமில்லை. இவள் வழக்கம்போல் ஒலிப்பதிவுக்காரர், மேக்கப்காரர், இன்னும் இருவரை மூலை இருட்டுக்குள்ளேயே உட்காரவைத்து எடுத்துவிட்டாள். படத்தில் மயிரிழைகூடத் தெரியவில்லை.

போனில் பார்ப்பவர்களுக்காக, இவளைக் கேட்காமலே, இயக்குநர் படம் முழுக்க வெளிச்சத்தை ஏற்றினார். அவசரத்தில் போட்டுப் பார்க்கவில்லை. வெளியீட்டுக்கு முந்தைய நாள் சிறப்புக் காட்சி. தன்னந்தனி விதவைக்குப் பின்னால் நான்கு ஆண்கள்! மேக்கப்காரர் வாழைப்பழம் உரிக்கிறார். அரங்கமே சிரித்தது. "எடுத்தவங்களுக்குக் கண்ணு அவிஞ்சா போச்சு?" என்று ஒருவர் கேட்டது இவள் காதிலேயே விழுந்தது.

3

வாசலிலேயே இயக்குநரைப் பிடித்தாள்.

"தம்பி, பழையபடி மாத்து. இல்லேன்னா என் பேரை எடுத்துடு."

"அக்கா, அந்த நாலு பேரை அழிச்சுடறேன். வெளிச்சம் இருக்கட்டுமே. பேரை எடுத்தா, யாரு எடுத்த படம்னு கேப்பாங்களே?"

"வாழைப்பழம் எடுத்துச்சுன்னு சொல்லு."

(இயக்குநரை முழு அயோக்கியனாக்கப் பார்த்தேன். வரவில்லை. அவரைப் பெற்ற தாயே பழைய இருட்டுப் படத்தைப் போனில் பார்த்துவிட்டு, "மூஞ்சியே தெரியலையேடா" என்றாளாம்.)

4

முடிவு ஒன்று: பேரை எடுத்துவிடுகிறாள். அவள் கண்ணால் பிறந்த படம் அநாதை.

முடிவு இரண்டு: பல்லைக் கடித்துக்கொண்டு விட்டுவைக்கிறாள். எட்டாவது படத்தில் எல்லாரும் விளக்கோடு வந்து நிற்பார்கள்.

முடிவு மூன்று: இயக்குநர் மனம் திருந்தி... (புளுகுக்கும் ஒரு மானம் உண்டு.)

"முடிவைக் கொஞ்சம் வெளிச்சமா சொல்லுங்க சார், வாசகருக்குப் புரியணும்" என்கிறார் பத்திரிகை ஆசிரியர். இவருமா!

அவள் என்ன செய்தாள் என்று எனக்குத் தெரியும். சொல்லமாட்டேன். அதுவும் இருட்டிலேயே இருக்கட்டும். தெரியவில்லையென்றால் கிட்டே வந்து பாருங்கள்.