சவுனாவில் ஒரு கை

பன்னிரண்டு வருடம் தொலைக்காட்சியில் கேமரா பிடித்தவள் நான். சமையல் நிகழ்ச்சியில் நான் படம் பிடிக்காத மீன் சூப் பின்லாந்தில் இல்லை. அப்புறம் ஒருவழியாக ஒரு சினிமா கிடைத்தது. அதிலும் இயக்குநர் இல்போ எனக்கு ஒரு கொக்கி போட்டிருந்தார்.

"சவுனா காட்சி சரியா வரட்டும் சிர்க்கு, அப்புறம் பாக்கலாம்."

வராவிட்டால் நான் மறுபடி மீன் சூப்புக்குப் போக வேண்டியதுதான். ஹெல்சின்கியில் வேறொரு கேமராக்காரர் பெட்டி கட்டித் தயாராக இருந்தார்.

காட்சி சின்னது. இருபது வருடமாகப் பேசாத மகனிடம் அப்பா மன்னிப்புக் கேட்கிறார். அப்பாவாக எழுபத்தெட்டு வயது தைஸ்தோ. அடுப்பின் மேல் கல்லைக் காயவைத்து, தண்ணீர் ஊற்றி, எழும் ஆவியில் குளிக்கும் அந்த ஏரிக்கரைச் சவுனா அறையில் இரண்டு பேருக்குத்தான் இடம். மகனாக நடிப்பவரைக் காபி குடிக்க அனுப்பிவிட்டு, அவர் பலகையில் நான் கேமராவோடு உட்கார்ந்தேன். லென்ஸில் ஆவி படியாமலிருக்க, காலையில் அடுப்பு மூட்டியபோதே கேமராவையும் உள்ளே வைத்துச் சூடேற்றியிருந்தேன். ஆனாலும் பயம்.

"கல்லு மேல யாரும் தண்ணி ஊத்தக் கூடாது."

"தண்ணி ஊத்தாம ஒரு சவுனாவா? இதுக்கு ரொட்டி அடுப்புல படுத்திருப்பேனே!" என்றார் தைஸ்தோ.

"லென்ஸ் போனா என் வேலையும் போச்சு. கையை மடியிலயே வச்சுக்கங்க."

மூன்று முறை எடுத்தோம். மூன்று முறையும் அவர் வசனத்தை ஒப்பித்தார். கதவுக்கு வெளியே மானிட்டரில் பார்த்துக்கொண்டிருந்த இல்போவின் பெருமூச்சு கேட்டது.

நான்காவது முறை, "தப்பு என்னோடதுதான்டா" என்றபோது தைஸ்தோவின் குரல் உடைந்தது. பிறகு தலையைக் குனிந்துகொண்டார். சவுனாவில் ஒருவர் அப்படிச் சொல்லிவிட்டுச் சும்மா உட்கார்ந்தால் பக்கத்தில் இருப்பவர் என்ன செய்வார்? நான் யோசிக்கவேயில்லை. என் கை தன் பாட்டுக்கு லென்ஸுக்கு முன்னால் நீண்டு, வாளியில் அகப்பையை விட்டு, கல் மேல் தண்ணீரை ஊற்றியது.

கல் சீறியது. தொலைந்தேன் என்று நினைத்தேன். தைஸ்தோ என் கையையே பார்த்தார். அவர் கண் நிறைந்தது.

"இன்னும் கொஞ்சம் ஊத்துப்பா" என்றார். அது வசனத்தில் இல்லை.

லென்ஸில் ஒரு பொட்டு ஆவி இல்லை.

இல்போ கதவைத் திறந்தார். "தண்ணி ஊத்துனது யாரு?"

"தடை போட்ட மகராசிதான்" என்றார் தைஸ்தோ.

இல்போ மூக்கை உறிஞ்சினார். "மகன் மன்னிச்சுட்டான்னு எப்படிக் காட்டுறதுன்னு ஆறு மாசமா மண்டையப் பிச்சுக்கிட்டிருந்தேன். இந்தக் கை காட்டிருச்சு, இனி இதுதான் மகனோட கை. ஹெல்சின்கிக்காரனைப் பெட்டியப் பிரிக்கச் சொல்லுங்க."

எனக்குத் துள்ளிக் குதிக்கலாம் போலிருந்தது. கூரை தாழ்வு என்பதால் குதிக்கவில்லை.

மீதிப் படம் முழுக்க, மகனாக நடித்தவருக்குத் தினமும் காலையில் மணிக்கட்டில் ஒரு தழும்பு வரைந்தார்கள். மீன் சூப் கொட்டி என் கையில் விழுந்த தழும்பு அது.